பாட்டியின் குரலா, அலமாரியில் கிடக்கும் நாடாவா: குடும்ப நினைவுப் படத்துக்கு நான்கு வழிகள்

குடும்பத்தைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிறவர்கள் கேட்கும் முதல் கேள்வி "எந்தக் கேமரா வாங்கலாம்?" என்பது. கொஞ்ச நேரம் பேசினால் உண்மையான குழப்பம் வேறு என்று தெரிந்துவிடும். பாட்டியை உட்கார வைத்துப் பேசச் சொல்வதா? அலமாரியின் மேல்தட்டில் கிடக்கும் வீடியோ நாடாக்களைத் தூசி தட்டுவதா? சில மாதங்கள் கேமராவோடு வீட்டிலேயே இருந்துவிடுவதா? படமே இல்லாத ஒரு காலத்தை நடித்தோ வரைந்தோ காட்டுவதா? நான்குமே செய்யலாம் என்று தோன்றும். நேரமும் தெம்பும் ஒன்றுக்கோ இரண்டுக்கோதான் போதும்.

நான் பல ஆண்டுகளாகப் பிறர் எடுத்த குடும்பப் படங்களை எடிட்டிங் செய்து கொடுப்பவன். என் சொந்தக் குடும்பத்துக்காக ஒன்று எடுத்தபோது தவறான இடத்தில் தொடங்கினேன். பழைய நாடாக்கள் என்றால் எனக்குப் பித்து. அவற்றை டிஜிட்டலுக்கு மாற்றி, தேதிவாரியாக அடுக்கிப் பெயரிடுவதிலேயே பதினொரு மாதங்கள் போயின. அதற்குள், அந்த நாடாக்களில் வரும் முகங்களை அடையாளம் சொல்லக்கூடிய ஒரே மனிதரான பெரியப்பாவுக்குப் பக்கவாதத்தில் பேச்சு போய்விட்டது. இப்போது என்னிடம் அழகாக ஒழுங்குபடுத்திய நூற்றுக்கணக்கான கோப்புகள் இருக்கின்றன. அவற்றில் பாதிப் பேர் யாரென்று எனக்குத் தெரியாது.

அதனால் என் முதல் அளவுகோல் கலையைப் பற்றியது அல்ல.

## எதை வைத்து முடிவு செய்வது

எது முதலில் போகும்? மனிதர், நாடா, வீடு, உறவு என்று நான்கையும் எழுதி, எது எத்தனை நாள் தாங்கும் என்று பக்கத்தில் குறியுங்கள். குரூரமான பட்டியல்தான். ஆனாலும் எழுதுங்கள். தொண்ணூறு வயதுக்காரரின் ஞாபகமும், அடுத்த ஆண்டு இடிக்கப்போகும் வீடும், ஒழுங்காகப் பெட்டியில் வைத்த கறுப்பு வெள்ளைப் புகைப்படமும் ஒரே அவசரத்தில் இல்லை.

கையில் என்ன இருக்கிறது? இருப்பதாக நினைப்பதைக் கணக்கில் சேர்க்க வேண்டாம். "மாமா வீட்டில் ஒரு பெட்டி நிறைய இருக்கிறது" என்பது, பெட்டியைத் திறந்து பார்க்கும்வரை வதந்தி மட்டுமே.

யார் பார்க்கப்போகிறார்கள்? வீட்டுக் கூடத்தில் இருபது பேருக்குப் போட்டுக்காட்டும் படத்துக்கும் விழாவுக்கு அனுப்பும் படத்துக்கும் உரிமை, ஒப்புதல், செலவு எல்லாமே மாறும்.

படம் பாதியில் நின்றுபோனால் என்ன மிஞ்சும்? இதை யாரும் கேட்டுக்கொள்வதில்லை. தொடங்கிய குடும்பப் படங்களில் நிறைய பாதியிலேயே நிற்பதைக் கண்ணால் பார்த்தவன் என்பதால், நான் இதற்குத் தனி எடை கொடுப்பேன்.

## ஒன்று: உட்கார வைத்துப் பேசுவது

நான்கில் செலவு குறைந்தது இது. ஒரு கைபேசி, சட்டையில் குத்தும் சின்ன மைக், ஜன்னலோர நாற்காலி ஆகியவை போதும். பணம் கொஞ்சம்தான் இருக்கிறது என்றால் கேமராவுக்குச் செலவழிக்காமல் மைக்குக்குச் செலவழியுங்கள். மங்கலான படத்தைப் பார்ப்பவர்கள் பொறுத்துக்கொள்வார்கள். இரைச்சலில் முங்கிய பேச்சைப் பொறுக்கமாட்டார்கள். பதிவின்போது குளிர்சாதனப் பெட்டியை அணைத்துவிட்டு, உங்கள் வண்டிச் சாவியை அதற்குள் வையுங்கள். ஒலிப்பதிவாளர்களின் பழைய தந்திரம் இது. சாவியை எடுக்கப் போகும்போது பெட்டியைத் திரும்பப் போட நினைவு வரும். எல்லோரும் எழுந்து போவதற்கு முன், யாரும் பேசாத அறையின் ஒலியை ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். பேச்சை வெட்டி ஒட்டும்போது அந்த ஒரு நிமிடம்தான் தையல் தெரியாமல் மறைக்கும்.

"உங்கள் வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று கேட்டால் வாழ்க்கைக் குறிப்புதான் கிடைக்கும். அதற்குப் பதில் ஒரு தாளைக் கொடுத்து, சின்ன வயதில் இருந்த வீட்டின் வரைபடத்தைப் போடச் சொல்லுங்கள். கதவு எங்கே, யார் எங்கே படுத்தார்கள், எந்த அறைக்குள் குழந்தைகள் போகக்கூடாது என்று பென்சில் நகர நகரக் கதை வரும். நாற்பது வயதைத் தாண்டியவர்களுக்குப் பத்து வயதிலிருந்து முப்பதுக்குள் நடந்தவையே அதிகமாக நினைவில் நிற்கின்றன என்பது நினைவாற்றல் ஆய்வுகளில் திரும்பத் திரும்பக் கண்ட விஷயம். கேள்விகளை அந்த இருபது ஆண்டுகளைச் சுற்றிப் போட்டால் ஊற்று நன்றாகச் சுரக்கும்.

இந்த வழியின் பலவீனமும் அங்கேதான். பலமுறை சொன்ன கதை வழவழப்பாகிவிடுகிறது. உளவியலாளர் ஃபிரெடரிக் பார்ட்லெட் 1932-லேயே காட்டியது போல, நாம் ஒரு சம்பவத்தை அப்படியே எடுத்து நீட்டுவதில்லை, ஒவ்வொரு முறையும் புதிதாகக் கட்டுகிறோம். அதனால் நான் ஒரே கதையை மூன்று மாதம் கழித்து மறுபடி கேட்பேன். அண்ணன் தம்பி இருவர் இருந்தால் முதலில் தனித்தனியாகவும் பிறகு சேர்த்தும் உட்கார வைப்பேன். தனியாகச் சொன்னதும் சேர்ந்து சொன்னதும் முட்டிக்கொள்ளும் இடத்தில்தான் பெரும்பாலும் படம் இருக்கும்.

வெளியே தெரியாத செலவுகள்: ஒரு மணி நேரப் பேச்சை எழுத்தில் இறக்கக் குறைந்தது நான்கு மணி நேரம் ஆகும். இயந்திரம் செய்து தரும் என்பார்கள். வட்டார வழக்கிலும் மனிதர்களின் பெயர்களிலும் அது தடுமாறும். இன்னொரு செலவை எண்ணிச் சொல்ல முடியாது. நீங்கள் கேட்டதால் அவர் சொல்லிவிட்ட ஒன்றை, அதன் பிறகு நீங்கள் சுமந்தாக வேண்டும். "இதைப் படத்தில் போடாதே" என்ற வாக்கியத்தோடு முடியும் பதிவுகள் என் ஹார்டு டிஸ்க்கில் ஏராளம்.

எங்கள் அப்பா வாயே திறக்கமாட்டார் என்று இந்த வழியைக் கைவிடுபவர்கள் உண்டு. ஆலன் பெர்லினர் 1996-இல் எடுத்த 'நோபடீஸ் பிசினஸ்' அப்படிப்பட்ட தந்தையைப் பற்றியதுதான். என் வாழ்க்கையில் எடுப்பதற்கு எதுவுமே இல்லை என்று அவர் படம் முழுக்க மல்லுக்கு நிற்கிறார். அந்த மல்லுக்கட்டே படமாகியிருக்கிறது.

வயதானவர் இருக்கிறார், தெளிவாகப் பேசுகிறார், உங்களுக்கு வார இறுதிகள் மட்டுமே உண்டு என்றால் யோசிக்காமல் இதை எடுத்துக்கொள்ளுங்கள். படம் முடியாவிட்டாலும் குரல் மிஞ்சும்.

## இரண்டு: பழைய படங்களும் நாடாக்களும்

என் பித்து என்று சொன்னேன், ஆகவே கொஞ்சம் சந்தேகத்தோடு படியுங்கள்.

இந்த வழியின் கவர்ச்சி வெளிப்படையானது. இறந்துபோனவர் திரும்பி நடக்கிறார். அம்மா உங்களைவிட இளையவளாக இருக்கிறாள். எந்த நேர்காணலும் இதைத் தராது. ஆனால் வீட்டுப் படங்கள் எதைப் பிடித்தன, எதை விட்டன என்று கவனியுங்கள். 1965-இல் வந்த, வீட்டுப் படங்களுக்கான சின்ன ஃபிலிம் வகையான சூப்பர் 8-இன் சுருள் ஒன்றில் ஐம்பது அடி ஃபிலிம். வழக்கமான வேகத்தில் ஓடினால் மூன்று நிமிடம் இருபது நொடி. 1973 வரை அதில் ஒலியும் கிடையாது. மூன்று நிமிடம்தான் என்றால் யார் சண்டையைப் படம்பிடிப்பார்கள்? பிறந்தநாள், திருமணம், கடற்கரை, கையசைப்பு என்றுதான் இருக்கும். கேமராவைப் பிடித்தவர் எந்தப் படத்திலும் இருக்கமாட்டார். குடும்பம் மகிழ்ச்சியாக இருந்தது என்று இந்தக் காட்சிகள் சத்தியம் செய்யும். அந்தச் சாட்சியத்தை அப்படியே நம்பினால் படம் திருமண வீடியோவாகிவிடும்.

இன்னும் ஒரு ஆபத்து உண்டு. கிம்பர்லி வேடும் அவரோடு சேர்ந்த ஆய்வாளர்களும் 2002-இல் வெளியிட்ட ஆய்வில் இருபது பேருக்கு அவர்களுடைய சிறுவயதுப் படத்தை மாற்றி, வெப்பக்காற்றுப் பலூனில் பறப்பதுபோல ஒட்டிக் காட்டினார்கள். அப்படி ஒரு பயணம் நடக்கவே இல்லை. மூன்று சந்திப்புகளுக்குள் பாதிப் பேருக்கு அது கொஞ்சமாகவோ முழுதாகவோ "நினைவுக்கு வந்துவிட்டது". நேர்காணலில் புகைப்படத்தை எப்போது கையில் கொடுப்பது என்பதற்கு இது முக்கியம். முதலில் படம் இல்லாமல் பேச விடுங்கள், பிறகு நீட்டுங்கள். அசையாத பழைய படத்தைச் சிரிக்கவும் திரும்பவும் வைக்கும் செயலிகள் வந்துவிட்டன. அவற்றைக் குடும்பத்தாருக்குக் காட்டுவதற்கு முன் இரண்டு முறை யோசியுங்கள். தாத்தா அப்படித் திரும்பியதே இல்லை. நாளைக்கு எல்லோருக்கும் அப்படித்தான் ஞாபகம் இருக்கும்.

செலவுப் பக்கம் இதைவிட மோசம். வீட்டு வீடியோ நாடாக்களில் பரவலாக இருந்த வி.எச்.எஸ். வகையின் பிளேயர்களைத் தயாரித்துவந்த கடைசி நிறுவனமும் 2016-இல் நிறுத்திவிட்டது. ஓடும் நிலையில் உள்ள இயந்திரத்தைத் தேட வேண்டும். பூஞ்சை பிடித்த நாடாவை ஆர்வத்தில் ஓட்டிப் பார்த்தால் நாடாவும் போகும், பிளேயரும் போகும். ஃபிலிம் பெட்டியைத் திறந்ததும் காடி வாடை அடித்தால், ஃபிலிமின் அடித்தளமான அசிட்டேட் என்ற பொருள் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். அதைப் பழைய புரொஜக்டரில் போடாதீர்கள், ஃப்ரேம் ஃப்ரேமாக ஸ்கேன் செய்பவரிடம் கொடுங்கள். அண்மைக் காலக் கைபேசிக் காட்சிகளிலும் ஒரு வில்லங்கம் உண்டு. கைபேசிகள் ஃப்ரேம் வேகத்தை, அதாவது நொடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பதை, நிலையாக வைத்திருப்பதில்லை. எடிட்டிங் மேசையில் போட்டால் சில நிமிடங்களில் உதடு ஒரு பக்கமும் குரல் ஒரு பக்கமும் போகும். வேலையைத் தொடங்குவதற்கு முன்பே நிலையான வேகத்துக்கு மாற்றிக்கொள்ள வேண்டும்.

பிறகு உரிமை. புகைப்படம் உங்கள் அலமாரியில் இருப்பதாலேயே அதன் உரிமை உங்களுடையது ஆகிவிடாது. பல நாடுகளின் சட்டப்படி அது எடுத்தவருக்குரியது. பின்னணியில் வானொலியில் ஒரு பாட்டு ஓடுகிறது என்றால், படத்தை வெளியே திரையிடும்போது அதற்கும் அனுமதி வேண்டும். ஜோனாதன் கவெட் 2003-இல் தன் குடும்பக் காட்சிகளைச் சாதாரண வீட்டுக் கணினி மென்பொருளில் வெட்டி 'டார்னேஷன்' எடுத்தார். 218 டாலரில் எடுத்த படம் என்று அது பேர் வாங்கியது. அந்தக் கதையைச் சொல்கிறவர்கள் அடுத்த வரியைச் சொல்வதில்லை. திரையரங்குக்குக் கொண்டுவர ஒலிச் சீரமைப்பு, பிரதி, இசை மற்றும் காட்சி உரிமைகள் என்று சுமார் நான்கு லட்சம் டாலர் கூடுதலாகச் செலவானது.

பேசக்கூடியவர் யாரும் இல்லை, பெட்டி மட்டும் இருக்கிறது என்றால் இதுதான் வழி. பேசக்கூடியவர் ஒருவராவது இருந்தால், பெட்டியைத் தூக்கிக்கொண்டு அவரிடம் போங்கள். ஸ்கேன் பிறகு செய்யலாம்.

## மூன்று: கூடவே இருந்து எடுப்பது

கேள்வி கேட்காமல், ஒன்றையும் ஏற்பாடு செய்யாமல், நடப்பதை நடக்க விட்டுப் படம்பிடிப்பது. நன்றாக அமைந்தால் இதற்கு நிகர் இல்லை. அம்மா சட்டையை மடிக்கும் விதம், அப்பா ஒரு கேள்விக்குப் பதில் சொல்லாமல் எழுந்துபோகும் விதம் இதெல்லாம் நேர்காணலில் சிக்காது.

முதல் சில வாரங்கள் வீண் என்று வைத்துக்கொள்ளுங்கள். எல்லோரும் கேமராவுக்காக நடந்துகொள்வார்கள். அலுப்புத் தட்டிய பிறகே வீடு வீடாகும். ஒரு மணி நேரப் படத்துக்கு ஐம்பது, நூறு மணி நேரக் காட்சி சேர்வது இந்த வகையில் சாதாரணம். 4கே தரத்தில் எடுத்தால் கைபேசியிலேயே ஒரு மணி நேரத்துக்குப் பத்து ஜிபி பிடிக்கும். மூன்று பிரதி, இரண்டு வகைச் சேமிப்பு, ஒன்று வேறு இடத்தில் என்ற விதியையும் சேர்த்துக் கணக்குப் போட்டால் ஹார்டு டிஸ்க் செலவு கேமராச் செலவை எட்டும். அத்தனையையும் ஒருமுறையாவது உட்கார்ந்து பார்க்க வேண்டும். இந்த வேலையை வேறு யாரிடமும் ஒப்படைக்க முடியாது, ஏனென்றால் அந்த வீட்டில் எது அசாதாரணம் என்று உங்களுக்குத்தான் தெரியும்.

பெரிய விலை வேறு. கேமராவுக்குப் பின்னால் நிற்கும் வரை நீங்கள் மகளோ மகனோ அல்ல. அம்மா அழும்போது கையைப் பிடிப்பதா, ஃபோகஸைப் பிடிப்பதா என்ற கணம் கட்டாயம் வரும். என்னிடம் எடிட்டிங்குக்கு வந்த ஒரு படத்தில் அந்தக் கணத்தில் சட்டகம் மெல்லச் சாய்ந்து தரையைக் காட்டுகிறது, குரல் மட்டும் கேட்கிறது. எடுத்தவர் அதை வெட்டச் சொன்னார். வேண்டாம் என்று ஒரு வாரம் வாதாடினேன். படத்தின் நடுமுதுகெலும்பு அதுதான்.

மறதி நோய் உள்ள ஒருவரோடு வாழ்பவர்களுக்கு இந்த வழி பொருத்தம். தேதியும் பெயரும் கேட்டு அவரைத் தேர்வெழுத வைக்காமல், பாடுவதையும் நடப்பதையும் பார்த்துக்கொண்டிருக்கலாம். ஆனால் ஒப்புதலை நோய் முற்றும் முன்பே பேசிவிடுங்கள். ஒருமுறை சரி சொன்னார் என்பதோடு நிற்காமல், கேமராவை எடுக்கும் ஒவ்வொரு நாளும் அவர் முகத்தைப் பாருங்கள்.

அந்த வீட்டில் நீங்கள் வசிக்கவில்லை என்றால் இந்த வழியை மறந்துவிடலாம்.

## நான்கு: நடித்தும் வரைந்தும் காட்டுவது

படமே இல்லாத காலத்துக்கு என்ன செய்வது? கம்போடியாவில் 1975 முதல் 1979 வரை கெமர் ரூஜ் ஆட்சியில் பெற்றோரையும் உடன்பிறந்தோரையும் இழந்த ரிதி பான், 2013-இல் எடுத்த 'த மிஸ்ஸிங் பிக்சர்' படத்தில் களிமண் பொம்மைகளைச் செய்து அடுக்கினார். பொம்மைகள் அசைவதில்லை. கேமராதான் அவற்றுக்கிடையே நகர்கிறது. குடும்பத்தின் ஒரு படம்கூட மிஞ்சாதவர்கள் அதைப் பார்த்தால், படம் இல்லாததையே படமாக்கலாம் என்று புரியும்.

சாரா பாலி 2012-இல் 'ஸ்டோரீஸ் வீ டெல்' எடுத்தபோது, அசல் வீட்டுப் படங்களோடு நடிகர்களை வைத்து சூப்பர் 8-இல் எடுத்தவற்றையும் கலந்தார். நெடுநேரம் பார்ப்பவர்களுக்கு வித்தியாசம் தெரியாது. பிறகு படமே அதை வெளிப்படுத்துகிறது. அவருக்கு அது பொருந்தியது, ஏனென்றால் யார் சொல்லும் கதையை நம்புவது என்பதே அந்தப் படத்தின் கேள்வி. உங்கள் படத்தின் கேள்வி அது இல்லையென்றால், போலி ஃபிலிம் கீறல்களைப் போட்டு ஏமாற்ற வேண்டாம். வரைந்தது வரைந்ததாகவே தெரியட்டும்.

நடிகர், உடை, இடம், அனிமேஷன் என்று பணத்தை விழுங்குவதில் முதலிடம் இதற்கே. குடும்பத்துக்குள் சண்டை கிளப்புவதிலும்தான். "அம்மா அப்படி உட்காரவே மாட்டாள்" என்று ஒரு அத்தை சொல்லிவிட்டால் போதும். (அந்தச் சண்டையைப் பதிவு செய்யுங்கள். நடித்த காட்சியைவிட அது நன்றாக இருக்கும்.) பாதியில் நின்றால் மிஞ்சுவது ஒன்றுமில்லை என்பதால், முதல் படம் எடுப்பவருக்கு இதை நான் பரிந்துரைப்பதில்லை. மூன்று, நான்கு நிமிடப் பகுதி ஒன்றுக்குக் காகித வெட்டு உருவங்களோ கோட்டோவியங்களோ போதும்.

## பக்கத்தில் பக்கம் வைத்தால்

| | நேர்காணல் | பழைய காட்சிகள் | கூடவே இருத்தல் | நடிப்பு, வரைவு |
|---|---|---|---|---|
| தொடக்கச் செலவு | குறைவு | நடுத்தரம் | நடுத்தரம் | அதிகம் |
| மறைந்திருக்கும் செலவு | எழுத்தில் இறக்குதல், தெரிந்துகொண்ட ரகசியம் | உரிமை, டிஜிட்டல் மாற்றம் | சேமிப்பு, பார்க்கும் நேரம், உறவு | குடும்ப வாக்குவாதம் |
| தள்ளிப்போட முடியுமா | முடியாது | ஃபிலிமுக்குச் சில காலம், நாடாவுக்குக் குறைவு | வீட்டு நிலையைப் பொறுத்து | முடியும் |
| எதில் ஏமாற்றும் | மெருகேறிய கதை | மகிழ்ச்சி மட்டும் | கேமராவுக்கான நடத்தை | அழகு |
| பாதியில் நின்றால் | குரல் மிஞ்சும் | காப்பகம் மிஞ்சும் | துண்டுக் காட்சிகள் | எதுவும் இல்லை |

"தள்ளிப்போட முடியுமா" என்ற வரிசையை மட்டும் பார்த்தாலே பாதி முடிவு வந்துவிடும்.

## கலந்து செய்வதென்றால்

நான் பார்த்த நல்ல படங்களில் அநேகம் கலப்புதான். வரிசைதான் சிக்கல். இப்போது தொடங்கினால் நான் இப்படிச் செய்வேன்: முதல் மாதம் ஒலி மட்டும், கேமரா இல்லாமல், மூத்தவர்களோடு நான்கைந்து அமர்வு. அதே சமயம் நாடாப் பெட்டிகளை எண்ணி, ஒவ்வொன்றின் மேலுள்ள எழுத்தையும் கைபேசியில் படமெடுத்து வைப்பது. இரண்டாவது மாதம் அந்தப் பட்டியலோடு அவர்களிடம் மறுபடி போய், எந்த நாடா முக்கியம் என்று கேட்பது. அவர்கள் சொல்லும் பத்தை மட்டும் டிஜிட்டலுக்கு மாற்றுவது. கேமராவோடு வீட்டில் இருப்பதையும் வரைவதையும், இந்த இரண்டிலும் ஓட்டை எங்கே என்று தெரிந்த பிறகு யோசிப்பது.

உங்கள் சொந்தக் குரலைப் பின்னணியில் வைப்பதா என்று நிறையப் பேர் குழம்புகிறார்கள். அதை எடிட்டிங்கின் கடைசி வாரத்துக்கு ஒத்திவையுங்கள். முதலிலேயே எழுதிய பின்னணிக் குரல், காட்சிகள் சொல்வதைக் கேட்கவிடாமல் செய்துவிடும்.

வெளியே காட்டுவதற்கு முன், படத்தில் வரும் ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் போட்டுக்காட்டுங்கள். எல்லோரையும் ஒரே கூடத்தில் உட்கார வைத்தால், மற்றவர் எதிரில் யாரும் வேண்டாம் என்று சொல்லமாட்டார்கள். தனியாகப் பார்த்த ஒருவர் ஒரு வரியை நீக்கச் சொன்னால், நான் இதுவரை நீக்கித்தான் இருக்கிறேன். ஒரு முறை படம் பலவீனமானது. இரண்டு முறை, அந்த வரிக்குப் பதில் அவரே சொல்லிக்கொடுத்த வேறொன்று வந்து சேர்ந்தது. பெரியப்பாவுக்கும் அப்படித் தனியாகவே போட்டுக்காட்டினேன். பேச முடியாவிட்டாலும், ஒரு நாடாவில் நீலப் புடவையில் கடந்துபோகும் ஒரு பெண்ணைக் கண்டதும் என் மணிக்கட்டைப் பிடித்து, அந்த இடத்துக்கே திரும்பப் போகச் சொன்னார். நான்கு முறை பார்த்தார். அவள் யார் என்று வீட்டில் இன்னும் யாருக்கும் தெரியவில்லை.